சகோதரிகளே என்று வாசித்தவர்

எங்கள் சபையின் நிர்வாக விதிகளில் பதினொன்றாவது விதி தெளிவானது. ஆராதனையில் வேதவாசகம் வாசிப்பவர்மீது யாருக்கேனும் குறை இருந்தால், அதை எழுதிக் கையெழுத்திட்டுக் கமிட்டிச் செயலாளரிடம் தர வேண்டும். செயலாளர் அதை வாசகருக்குக் காட்டி, அவருடைய பதிலைப் பெற்று, இரண்டையும் கமிட்டியின் முன் வைக்க வேண்டும். அதற்குப் பிறகுதான் முடிவு. தொண்ணூற்றாறாம் வருடம் ஈஸ்டர் முடிந்த சில வாரங்களில் நடந்த ஒரு விஷயத்தில் இந்த விதியின் ஒரு வரிகூடப் பின்பற்றப்படவில்லை. இதை நான் உறுதியாகச் சொல்லலாம், ஏனென்றால் அந்தச் செயலாளர் நான்தான். என்னிடம் யாரும் ஒரு துண்டுச் சீட்டுகூடத் தரவில்லை.

நான் கர்நாடக அரசுச் செயலகத்தில் சார்புச் செயலாளராக இருந்து ஓய்வு பெற்றவன். என் தாத்தா மைசூர் சமஸ்தானத்தில் குமாஸ்தா, அப்பா அதே கட்டடங்களில் கண்காணிப்பாளர். கோப்பு எழுதுவது எங்கள் வீட்டில் பரம்பரை நோய். ஓய்வு பெற்றவனைச் சும்மா விடுவது எங்கள் சபையின் வழக்கமல்ல. அதனால் பென்ஷன் உத்தரவு வந்த மாதமே சபையை நிர்வகிக்கும் குருசேகரக் கமிட்டியின் செயலாளர் பதவியும் வந்து சேர்ந்தது.

எங்கள் கோயில் பெங்களூர் மர்பி டவுனில் இருக்கிறது. ஆண்கள் வலப்பக்கம், பெண்கள் இடப்பக்கம். இப்படித்தான் உட்கார வேண்டும் என்று எந்த விதியிலும் இல்லை. விதியில் இல்லாதவற்றை மட்டும் நாங்கள் தவறாமல் பின்பற்றுவோம்.

நிருப வாசகத்தை, அதாவது அப்போஸ்தலர்கள் சபைகளுக்கு எழுதிய கடிதப் பகுதியை, அப்போது பல வருடங்களாக ஓர் அம்மாள் வாசித்து வந்தார். டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் வெளியூர் டிரங்க் கால்களை இணைத்துக் கொடுக்கும் வேலையில் சேர்ந்து, மேற்பார்வையாளராக ஓய்வு பெற்றவர். கணவர் இல்லை, ஒரே மகள் திருமணமாகி வெளியூரில். ஜீவனஹள்ளியில் சின்னதாக ஒரு சொந்த வீடு. அவருடைய குரலைப் பற்றிச் சொல்ல வேண்டும். இனிமையான குரல் என்று சொல்ல மாட்டேன். இரைச்சலுக்கு நடுவில், ஊர் பேர் தெரியாத ஒருவருக்கு, ஒருமுறை சொன்னால் புரிந்துவிட வேண்டும் என்று பழகிய குரல். அவர் வாசிக்கும்போது குழந்தைகள்கூட அழுகையை ஒத்திப்போட்டதை நான் பார்த்திருக்கிறேன்.

அந்த ஞாயிறு அவர் வாசகப் பீடத்துக்குப் போனார், புத்தகத்தைத் திறந்தார், "சகோதர சகோதரிகளே" என்று தொடங்கினார்.

எங்கள் பழைய மொழிபெயர்ப்பில் "சகோதரரே" என்றுதான் இருக்கும். அதைக் கேட்டுக் கேட்டு எங்களுக்கு அது சுவர் மாதிரி ஆகிவிட்டது. யாரும் அதைப் பார்ப்பதில்லை. அன்று சுவரில் ஒரு கதவு திறந்தது போல இருந்தது. இடப்பக்கத்தில் நாலைந்து தலைகள் நிமிர்ந்தன. வலப்பக்கத்தில் முதல் வரிசையில் ராணுவத்தில் சுபேதாராக இருந்து ஓய்வு பெற்ற ஒருவர் உட்கார்ந்திருப்பார். அவருடைய உதடுகள் அசைவதை நிறுத்தின.

ஆராதனை முடிந்து வெளியே வந்ததும் சுபேதார் ஐயரைப் பிடித்துக்கொண்டார். எங்கள் பக்கத்தில் போதகரை ஐயர் என்றுதான் சொல்வோம்.

"ஐயரே, வேதத்துல கூட்டக் கூடாது, கொறைக்கக் கூடாது. இந்த சிஸ்டர் கூட்டிட்டாங்க. பீடத்துல நின்னுக்கிட்டு!"

இன்னும் இரண்டு மூன்று பேர் சேர்ந்துகொண்டார்கள். இதில் எனக்குப் பிடித்தது ஒன்று உண்டு. கோயில் வாசலில் அந்த அம்மாளை அவர்கள் எல்லோரும் கூப்பிடுவது "சிஸ்டர்" என்றுதான். ஆங்கிலத்தில் அவர் சகோதரியாக இருப்பதில் யாருக்கும் ஆட்சேபம் இருக்கவில்லை.

ஐயர் சமாதானப் பிரியர். "கொஞ்ச நாளைக்கு வேற யாராவது வாசிக்கட்டும்" என்றார்.

"தீர்மானமா ஐயா? எழுதிக்கட்டுமா?" என்று கேட்டேன்.

"ஐயையோ, தீர்மானமெல்லாம் இல்ல. சும்மா தற்காலிக ஏற்பாடு."

முப்பது வருடத்துக்கு மேல் அரசாங்கத்தில் இருந்தவனுக்குத் தற்காலிக ஏற்பாட்டைப் பற்றிச் சொல்லித்தர வேண்டியதில்லை. நாங்கள் வேலை செய்த கட்டடத்தின் பின்புறக் கொட்டகையே ஒரு தற்காலிக ஏற்பாடுதான். அதில் எனக்கு முன்னால் மூன்று பேர் ஓய்வு பெற்றிருந்தார்கள்.

அடுத்த நாள் நான் கோயிலுக்குப் போய்ப் பீடத்திலிருந்த புத்தகத்தை எடுத்துப் பார்த்தேன். எங்கள் கோயிலில் ஒரு வழக்கம் உண்டு. பீடத்தில் எந்தப் புத்தகம் வைத்தாலும் அதற்கு வெள்ளைத் துணியில் உறை போட வேண்டும். பெண்கள் சங்கத்தார் தைத்துத் தருவார்கள். முன்பக்கம் ஒரு சிலுவை, நாலு மூலையிலும் பூவேலை. வெறும் அட்டையோடு ஒரு புத்தகம் பீடத்தில் ஏறினால் அது அவமரியாதை. நான் அந்த உறையைக் கழற்றினேன். உள்ளே இருந்தது எங்கள் பெரிய பைபிள் இல்லை. அதன் முதுகு பிய்ந்து, பைண்டிங்குக்காக சிவாஜி நகர் போயிருந்தது. மொழிபெயர்ப்பைத் திருத்திக்கொண்டிருந்த ஒரு குழு, கருத்துக் கேட்டு எல்லாச் சபைகளுக்கும் அனுப்பிய சோதனைப் பதிப்பு அது. நிருபங்கள் மட்டும், பெரிய எழுத்தில். அட்டையில் கொட்டை எழுத்தில் அச்சிட்டிருந்தார்கள்: கருத்து அறிவதற்கு மட்டும், பொது ஆராதனையில் வாசிப்பதற்கு அல்ல.

எழுத்து பெரிதாக இருக்கிறதே என்று கோயில் பணியாளர் அதைப் பீடத்தில் வைத்திருந்தார். மரியாதைக்காகப் பெண்கள் சங்கம் உறை போட்டிருந்தது. எச்சரிக்கை சிலுவைக்குக் கீழே பத்திரமாக மறைந்திருந்தது. உலகத்தில் வேறு எந்தச் சபையும் இப்படி ஒரு தவறைச் செய்திருக்க முடியாது என்று நான் பெருமையோடு சொல்வேன்.

அந்த அம்மாள் எதையும் கூட்டவில்லை, குறைக்கவில்லை. முன்னால் இருந்ததை வாசித்தார். இதை நான் கமிட்டியில் சொன்னேன். யாரும் வருத்தம் தெரிவிக்கவில்லை. குற்றச்சாட்டை மட்டும் மாற்றிக்கொண்டார்கள்: அங்கீகாரம் இல்லாத பதிப்பை வாசித்தது. கடைசியில், அந்தக் குழுவுக்கு எழுதிக் கேட்போம், இந்த வார்த்தை நிற்குமா, இதைக் கோயிலில் வாசிக்கலாமா என்று அவர்கள் சொல்லட்டும், பதில் வரும்வரை ஏற்பாடு தொடரட்டும் என்று முடிந்தது.

விவரம் சொல்ல அவர் வீட்டுக்குப் போனேன். எனக்கு ஒரு வழி தெரிந்திருந்தது. குழுவுக்கு எழுதுவது என்பது மட்டும்தான் மினிட்ஸில் ஏறியிருந்தது; அவரை விலக்கிய முடிவு அதில் இல்லை. மினிட்ஸில் இல்லாதது சட்டப்படி நடக்கவே இல்லை. அவர் வருகிற ஞாயிறு நேராகப் பீடத்துக்குப் போய் நின்றால் யாரும் எந்த விதியைக் காட்டியும் தடுக்க முடியாது. இதை நான் கொஞ்சம் ரசித்தே விளக்கினேன்.

அவர் காபி டம்ளரை வைத்துவிட்டு என்னைப் பார்த்தார்.

"அண்ணே, பின்பக்கச் சந்துல பூந்து வர நான் என்ன பூனையா? வந்தா வாசல் வழியா வருவேன்."

"வாசல் தொறக்க நாளாகும்மா. கமிட்டிக்குக் கமிட்டி எழுதற லெட்டர். எனக்குத் தெரியும் இது எவ்ளோ நாளாகும்னு."

"ஆகட்டும். டிரங்க் கால் புக் பண்ணிட்டு ராத்திரி பூரா உக்காந்திருந்தவங்களப் பாத்தவ நான்." டம்ளரை ஓரமாக நகர்த்தி வைத்தார். பிறகு, "ஒண்ணு சொல்றேன், சிரிக்காதீங்க. இத்தன வருஷம் வேற யாருக்கோ வந்த போன் கால கனெக்ட் பண்ணிக் குடுக்கற மாதிரிதான் அத வாசிச்சிட்டிருந்தேன். அதுல எனக்கு ஒரு கொறையும் இல்ல, வேலையே அதான். அன்னிக்கு வாயில அந்த வார்த்த வந்ததும்தான் திக்குனு ஆச்சு. இது எனக்கு வந்த கால் இல்ல? அப்டினா மொதல்லேருந்தே எனக்கும் வந்துதா, இல்ல இவங்க இப்பப் புதுசா சேத்தாங்களா? அது எனக்குத் தெரிஞ்சாகணும். தெரியாம அங்க போயி நிக்க மாட்டேன்."

நான் சிரிக்கவில்லை.

சோதனைப் பதிப்பின் கடைசியில் ஒரு பக்கம் இருந்தது. கருத்து எப்படிச் சொல்ல வேண்டும் என்ற வழிமுறை. எங்கள் கமிட்டியில் ஒருவரும் அதைப் படிக்கவில்லை, நான் உட்பட. வழிமுறைகளை மற்றவர்களுக்கு எழுதுவதுதான் எனக்குப் பழக்கம். அவர் படித்தார். பழைய பாடம், புதிய பாடம் இரண்டையும் சாதாரண ஜனங்களுக்கு வாசித்துக் காட்டுங்கள். இது யாருக்குச் சொல்லப்பட்டது, என்ன சொல்கிறது என்று கேளுங்கள். அவர்கள் சொன்னதை அவர்கள் சொன்னபடியே எழுதுங்கள். உங்கள் அபிப்பிராயத்தை எழுத வேண்டாம் என்று அதில் இருந்தது. அவர் அதைச் செய்யக் கிளம்பினார். எழுதுவதற்கு என்னைக் கூட்டிக்கொண்டார்.

ஜீவனஹள்ளியில் ஒரு வீட்டு ஜெபக் கூட்டம் முதலில். பெரும்பாலும் கார்மெண்ட்ஸ் வேலைக்குப் போகும் பெண்கள். பழைய பாடத்தில் ஒரு பகுதியை வாசித்தார். சகோதரர்கள் ஒருவரை ஒருவர் பொறுத்துக்கொள்ள வேண்டும் என்பது அதன் சாரம். யாருக்குச் சொன்னது இது என்று கேட்டார்.

"அண்ணந்தம்பிங்களுக்குக்கா," என்றாள் ஒரு பெண். "சொத்து பிரிக்கறப்ப அடிச்சிக்கக் கூடாதுன்னு சொல்றாரு. எங்க மாமியார் வூட்டுல படிச்சிக் காட்டணும் இத."

எல்லோரும் சிரித்தார்கள். நான் பேனாவை நிறுத்தினேன். "எழுதுங்க அண்ணே, அப்டியே எழுதுங்க," என்றார் அவர். எழுதினேன். பிறகு புதிய பாடத்தில் அதே பகுதியை வாசித்தார். அதே பெண், "இது சபைக்குச் சொல்றது," என்றாள். யோசித்துவிட்டு, "நானும் அந்த டெய்லர் பொண்ணும் பேசிக்கறதில்ல. அதுக்கும் சேத்துத்தான் போல," என்றாள்.

இவ்வளவோடு நின்றிருந்தால் வேலை சுலபமாக முடிந்திருக்கும். மர்பி டவுனில் பெண்கள் சங்கக் கூட்டத்தில் வயதான ஒரு பாட்டி இருந்தார். காது நன்றாகக் கேட்கும், வாய் அதைவிட நன்றாகப் பேசும்.

"சகோதரரேன்னா எனக்குந்தான், வேற யாருக்கு? எம் புருஷன் ஒரு நாளாவது கோயில் பக்கம் வந்திருப்பானா? நான் கேக்காம அத யாரு கேட்டது? நாப்பது வருஷமா நான் அந்தப் பேருக்கு ஆஜர் சொல்லிட்டிருக்கேன். இப்ப வந்து சகோதர சகோதரிகளேன்ற. மேடையில மைக் புடிச்சவன் மாதிரி இருக்கு. அடுத்து என்ன, ஓட்டு கேப்பாரா அப்போஸ்தலர்?"

கூட்டம் இப்போது பாட்டியோடு சேர்ந்து சிரித்தது. அம்மாளும் சிரித்தார். சிரித்தபடியே என்னிடம் திரும்பி, "ஒரு வார்த்த விடாம எழுதுங்க," என்றார்.

சுபேதாரையும் அவர் விடவில்லை. ஒரு மாலை அவர் வீட்டுக்கே போனோம். சுபேதார் கதவைத் திறந்து, எங்களைப் பார்த்து, விறைப்பாக நின்றார். உட்கார்ந்ததும் அவர்தான் முதலில் பேசினார்.

"சிஸ்டர், எனக்கு உங்க மேல கோவம் இல்ல. நான் பார்டர்ல இருந்தப்ப பைபிள் வச்சிக்க எடமில்ல. நிருபம் பூரா மனப்பாடம் பண்ணேன். நீங்க வாசிக்கறப்ப நான் கூடவே உள்ள சொல்லிட்டு வருவேன். அன்னிக்கு நீங்க திடீர்னு மாத்திட்டீங்க. பரேடுல ஸ்டெப் தப்பிப்போச்சு. அப்பறம் அந்தப் பாடம் பூரா நான் உள்ள போகவே முடியல."

"அது எனக்குத் தோணலையே சார்," என்றார் அம்மாள். குரல் இறங்கியிருந்தது. "இதையும் எழுதிக்கலாமா?"

"எழுதுங்க. இன்னொண்ணும் எழுதுங்க. இந்தப் புக்குல அவன் இவன்னு இருந்ததையெல்லாம் அவர் இவர்னு ஆக்கி வச்சிருக்கான். அதுல ஆணும் பொண்ணும் ரெண்டு பேரும் அடங்கணுமாம். திருடறவர், பொய் சொல்றவர்! போலீஸ் ஸ்டேஷன்லகூட இவ்ளோ மரியாத கெடையாது, சிஸ்டர்."

"குடுத்துப் பாப்போமே சார். மரியாத குடுத்தா திருந்தினாலும் திருந்துவாங்க."

சுபேதார் சிரித்துவிட்டார். ஆனால் தன் கருத்தை வாபஸ் வாங்கவில்லை, அதுவும் எழுதப்பட்டது.

அறிக்கையை நான்தான் தட்டச்சு செய்தேன். ஒரு கோப்பை எப்படி அடுக்குவது என்று எனக்குத் தெரியும். நமக்குச் சாதகமானது முதலில். பாதகமானதை இணைப்பு இரண்டு, பத்தி நான்கு என்று பின்னால் கொண்டுபோய் வைத்தால் மேலதிகாரி அதுவரை புரட்ட மாட்டார். இது மோசடி இல்லை, நிர்வாகம். அதை அவரிடமும் சொன்னேன்.

"பாட்டி சொன்னது மொத பக்கத்துல வரணும்," என்றார். "அடுத்தது சுபேதார் சொன்னது. தேடிப் புடிக்கற எடத்துல வச்சா அது ஒளிச்சி வைக்கறதுதான் அண்ணே."

"அதப் படிச்சிட்டு அவங்க பழைய வார்த்தையே இருக்கட்டும்னு சொல்லிட்டா?"

"சொன்னா சொல்லட்டும். நான் என்ன ஜெயிக்கறதுக்கா கேட்டேன்? பதில் கேட்டேன்."

நான் பல மந்திரிகளுக்குக் குறிப்பு எழுதிக் கொடுத்திருக்கிறேன். தனக்கு எதிரான கருத்தை முதல் பக்கத்தில் வைக்கச் சொன்ன மேலதிகாரி எனக்கு வாய்த்ததில்லை. ஓய்வு பெற்ற பிறகுதான் வாய்த்தார்.

அறிக்கை போனது. அச்சடித்த அஞ்சலட்டை ஒன்று வந்தது: தங்கள் கருத்து கிடைத்தது, நன்றி. அதை நான் பதில் என்று கணக்கில் எடுக்கவில்லை. நினைவூட்டல் எழுதினேன். பிறகு இரண்டாம் நினைவூட்டல். அந்தக் குழுவின் அலுவலகம் இருப்பதும் பெங்களூரில்தான்; ஒரு பஸ் மாறினால் போய்விடலாம். நேரில் போய்க் கேட்கலாம் என்று ஐயர் சொன்னார். எழுத்தில் கேட்டதற்கு எழுத்தில்தான் பதில் வர வேண்டும் என்று நான் தடுத்தேன். இந்த ஒரு விஷயத்தில் அம்மாளும் நானும் ஒரே கட்சி.

இதற்கிடையில் நிருபத்தை ஒரு பேங்க் அதிகாரி வாசித்து வந்தார். நல்ல மனிதர், பெங்களூரிலேயே பிறந்து கன்னட மீடியத்தில் படித்தவர். தமிழை எழுத்துக் கூட்டி வாசிப்பார். வாக்கியம் எங்கே முடிகிறது என்பதை அவர் முன்கூட்டித் தெரிந்துகொண்டதில்லை. குழந்தைகள் மறுபடி அழத் தொடங்கின. பைண்டிங்கிலிருந்து திரும்பிய பெரிய பைபிளில் "சகோதரரே" தன் இடத்தில் பத்திரமாக இருந்தது. ஆனால் அதைக் கேட்க ஒருவரும் நிமிரவில்லை.

அம்மாள் ஒரு ஞாயிறும் வராமல் இருக்கவில்லை. இடப்பக்கம் மூன்றாவது வரிசை. அவர் முகத்தில் புகார் இருக்காது. கேட்கிற முகம்.

அடுத்த வருடம், விளைச்சலுக்கு நன்றி சொல்லும் அறுப்புப் பண்டிகைக்கு முன்னால் நடந்த கமிட்டியில் சுபேதார் எழுந்து நின்றார். அவர் எப்போதும் எழுந்து நின்றுதான் பேசுவார்.

"ஐயரே, போதும். சிஸ்டரக் கூப்புடுங்க. இந்தத் தம்பி வாசிக்கறப்ப எனக்கு மனப்பாடமா இருக்கறதும் மறந்து போவுது."

பேங்க் அதிகாரியே கை தட்டினார். "ஸ்வல்ப சீக்கிரம் கூப்புடுங்க ஐயா, எனக்கு பிபி ஏறுது," என்றார் கன்னடம் கலந்து. எல்லோரும் சம்மதித்தார்கள். நான் இதை மினிட்ஸில் ஏற்றினேன். ஏற்றும்போது எனக்கு இருந்த சந்தோஷத்தை இங்கே விவரிக்கத் தேவையில்லை. ஐயரும் நானும் அன்று மாலையே ஜீவனஹள்ளிக்கு ஆட்டோ பிடித்தோம்.

அவர் எங்களுக்கு நாற்காலி போட்டார். முழுவதும் கேட்டார். கண் கொஞ்சம் கலங்கியதாகத்தான் எனக்குத் தோன்றியது.

"சுபேதார் சாருக்கு என் நமஸ்காரம் சொல்லுங்க ஐயா. ஆனா நான் வரல."

"ஏம்மா?"

"குரலுக்காகக் கூப்புடறீங்க. சந்தோஷம். ஆனா நான் இத்தன நாளா ஒதுங்கி நிக்கறது குரலுக்காக இல்லியே. இப்ப வந்து நின்னா, அந்தக் கேள்விய நானே கட் பண்ணின மாதிரி ஆயிடும். லைன்ல ஆள் காத்துட்டிருக்கப்ப நான் என் சர்வீஸ்ல கட் பண்ணினதே இல்ல."

வெளியே வந்ததும் ஐயர், "ரொம்பப் பிடிவாதம்," என்றார். அவர் அதைச் சொன்ன விதத்தில் குறை இல்லை. நான் மூன்றாம் நினைவூட்டலை அன்றே எழுதினேன். அலுவலக நடையை விட்டு, ஒரு மனுஷிக்காக இன்னொரு மனிதன் எழுதுகிற மாதிரி எழுதினேன். என் வாழ்க்கையில் "மேற்படி பொருள் தொடர்பாக" என்ற சொற்கள் இல்லாமல் நான் எழுதிய கடிதங்கள் மிகக் குறைவு.

கிறிஸ்துமஸ் போனது. புது வருடம் வந்தது. பிறகு பதிலும் வந்தது, ஒன்றரைப் பக்கம், கையெழுத்தோடு.

மூலத்தில் உள்ள அந்த வார்த்தை சபை முழுவதையும், ஆண்களையும் பெண்களையும், பார்த்துச் சொல்லப்பட்டது என்றே குழு கருதுகிறது. எனவே இது புதிதாகச் சேர்த்தது அல்ல என்று எழுதியிருந்தார்கள். சபை முழுவதையும் விளிக்கும் இடங்களில் சகோதரிகள் நிற்பார்கள், பழைய வடிவம் அடிக்குறிப்பில் வரும். உங்கள் சபை அறிக்கையின் முதல் பக்கத்தைக் கூட்டத்தில் உரக்க வாசித்தோம்; மேடைப் பேச்சு போல இருக்கிறது என்று ஒரு மூதாட்டி சொன்னது சரியென்று பட்டதால், "சகோதரரே, சகோதரிகளே" என்று பிரித்து, ஒவ்வொருவரையும் நிறுத்திக் கூப்பிடுவது போல மாற்றியிருக்கிறோம். அவர் இவர் என்பது பற்றி ராணுவத்தில் இருந்த ஐயாவின் ஆட்சேபம் இன்னும் விவாதத்தில் உள்ளது. கோயிலில் வாசிப்பது அந்தந்தச் சபையின் முடிவு, எங்களுக்குத் தடையில்லை.

ஐயரையும் கூட்டிக்கொண்டு போய்க் கடிதத்தை அவரிடம் கொடுத்தேன். கண்ணாடியைத் தேடிப் போட்டுக்கொண்டு நின்றபடியே படித்தார். "மொதல்லேருந்தே வந்துது," என்றார், எங்களிடம் இல்லை. பிறகு "சகோதரரே" என்று சொல்லி, நிறுத்தி, "சகோதரிகளே" என்றார். நடுவில் எவ்வளவு நிறுத்துவது என்று இன்னும் இரண்டு தடவை சொல்லிப் பார்த்தார்.

"இப்டி வாசிச்சா சுபேதார் சாருக்கும் ஸ்டெப் தப்பாது, அண்ணே. மொத வார்த்த அவரோடது. அத முடிச்சிட்டு நின்னுப்பாரு."

"அப்படியே வாசிங்கம்மா. எந்த ஞாயிறு?" என்று ஐயர் கேட்டார்.

"வர்ற ஞாயிறு. வேற எது?"

ஐயர் தன் சட்டைப்பையிலிருந்து பேனாவை எடுத்து, வாசகர் அட்டவணையில் அவர் பெயரை அங்கேயே எழுதினார். நான் என் வழக்கப்படி, கடிதத்தின் வலது மேல் மூலையில், அது எங்கள் கைக்கு வந்த நாளைக் குறித்தேன்: 1998 பிப்ரவரி 24, செவ்வாய்க்கிழமை.